பெர்லினில் ஒரு தமிழர்

எம்டன் என்னும் சொல்லைச் செங்கற்பட்டிலும் மாமல்லபுரக் கடலோரத்திலும் அறியாதார் இல்லை. 1914 செப்டம்பர் 22 இரவு சென்னை மீது குண்டு பொழிந்த ஜெர்மானியக் கப்பலின் பெயர் அது. அக்கப்பலில் வந்ததாக நம் மக்கள் கதை சொல்லும் வீரர் செண்பகராமன் பிள்ளை. வரலாற்று ஆய்வாளர்கள் அக்கதையை ஏற்பதில்லை. ஆயினும், கதையினும் அவருடைய மெய்வாழ்வே பெரிது என்பேன் நான்.

நாஞ்சில் நாட்டு வழிவந்த தமிழ்க் குடும்பத்தில், 1891இல் திருவனந்தபுரத்தில் பிறந்தார். இளமையிலேயே ஸ்ட்ரிக்லாண்ட் என்னும் ஆங்கிலேயரின் துணையால் ஐரோப்பா சென்று, சூரிச் நகரில் பொறியியல் பயின்றார். 1914இல் உலகப் போர் மூண்டதும் பெர்லின் சென்று இந்திய விடுதலைக் குழுவில் பணியாற்றினார். 1915இல் காபூலில் அமைந்த தற்காலிக இந்திய அரசில் அயலுறவு அமைச்சராக அறிவிக்கப்பட்டார். பகைவனுக்குப் பகைவன் நமக்கு நண்பன் என்பதே அவர் தேர்ந்த வழி.

1918இல் ஜெர்மனி தோற்றது. மன்னர் ஹாலந்துக்கு ஓடினார். மறு ஆண்டு வைமர் நகரில் குடியரசுக்குச் சட்டம் வகுத்தனர். பெர்லினிலேயே தங்கிவிட்ட செண்பகராமனின் கண்முன்னேதான் அக்குடியரசு சரிந்தது. 1923இல் பணம் வெறும் காகிதமாயிற்று. 1929இல் தொடங்கிய பொருளாதார நெருக்கடியில் ஏறக்குறைய 60 இலட்சம் பேர் வேலையிழந்தனர். 1928 தேர்தலில் 12 இடங்களே பெற்ற நாஜிக் கட்சி, 1932 ஜூலையில் 230 இடங்களைப் பிடித்தது.

இந்தியா ஆங்கிலேயர் பிடியில் இருப்பதே மேல் என்று தம் நூலில் எழுதியவர் ஹிட்லர். 1931இல் அவர் இந்தியரை இழித்துப் பேசியபோது செண்பகராமன் துணிந்து எதிர்த்தார் என்பர் அவர் வரலாற்றை எழுதியோர். பகைவனுக்குப் பகைவன் நண்பனாகிவிடுவதில்லை என்பதை அவர் உணர்ந்த தருணம் அதுவாக இருக்க வேண்டும்.

ஜெர்மானியப் பழமைவாதத் தலைவர்களோ அதை உணரவில்லை. பொதுவுடைமையரை ஒடுக்க ஹிட்லர் உதவுவார், பிறகு அவரை அடக்கிக்கொள்ளலாம் என்று எண்ணினர். 1933 ஜனவரி 30இல் ஹிட்லர் பிரதமரானார். பிப்ரவரியில் நாடாளுமன்றக் கட்டடம் தீப்பற்றியது. மறுநாளே ஓர் ஆணை பேச்சுரிமையையும் எழுத்துரிமையையும் பறித்தது. மார்ச்சில் சட்டமியற்றும் அதிகாரத்தை நாடாளுமன்றமே அவர் கையில் கொடுத்தது. ஜூலையில் பிற கட்சிகள் தடைசெய்யப்பட்டன. ஆறே மாதம்! அந்நியப் படை எதுவும் வரவில்லை; கையொப்பங்களே போதுமானவையாக இருந்தன.

1934 மே 26இல் செண்பகராமன் பெர்லினில் மறைந்தார். அவரது சாம்பல் 1966இல்தான் தாயகம் வந்தது.

தோழர்களே, நம்மில் பலர் முதல் வாக்கை அளிக்க இருக்கிறோம். ஒருவர் யாரை எதிர்க்கிறார் என்பதோடு, நம் உரிமையை அவர் மதிக்கிறாரா என்பதையும் கேட்டறிந்து வாக்களிப்போம்.