உருளைக்கிழங்கில் உண்மை கண்ட அம்மையார்

குன்னூர் பாஸ்டர் நிலையம் என்றால் நம் எல்லோருக்கும் வெறிநாய்க்கடி மருந்துதான் நினைவுக்கு வரும். அங்கே 1918-ல் டாக்டர் மக்காரிசன் ஒரே அறையில் தொடங்கிய ஆராய்ச்சி, பின்னர் உணவுச்சத்து ஆராய்ச்சிக்கூடமாக வளர்ந்து, 1958-ல் ஐதராபாத்துக்கு இடம் பெயர்ந்தது. அது குன்னூரில் இருந்த நாட்களில் உதவி இயக்குநராகப் பணிபுரிந்தவர் டாக்டர் கமலா சோஹோனி.

1911-ல் இந்தூரில் பிறந்தார். தந்தையும் சிற்றப்பாவும் பெங்களூர் இந்திய விஞ்ஞானக் கழகத்தில் பயின்ற இரசாயன அறிஞர்கள். கமலாவும் 1933-ல் பம்பாயில் பி.எஸ்ஸி. தேர்வில் முதலிடம் பெற்று அதே கழகத்துக்கு விண்ணப்பித்தார். இயக்குநர் சர் சி. வி. ராமன் மறுத்துவிட்டார். பெண் என்பதே காரணம்! ராமனைப் போற்றும் நமக்கு இதை எழுதச் சங்கடமாகத்தான் இருக்கிறது. கமலா அழுதுகொண்டு ஊர் திரும்பவில்லை. காந்தியடிகள் வழியில் சத்தியாக்கிரகம் செய்தார். ஓராண்டு சோதனைக் காலம், நேரம் பாராமல் வேலை, ஆண்களின் கவனத்தைக் கலைக்கக் கூடாது என்ற நிபந்தனைகளோடு இடம் கிடைத்தது. ஒரு மாணவிக்கு இப்படியும் ஒரு பரிசு! பால், பயறு வகைகளின் புரதங்களை ஆராய்ந்து 1936-ல் எம்.எஸ்ஸி. பட்டம் பெற்றார். அதன்பின் அங்கே பெண்களுக்குக் கதவு திறந்தது.

அடுத்து கேம்பிரிட்ஜ். நாம் உண்ணும் சோற்றின் மாவுச்சத்து உடலில் சர்க்கரையாகிறது. அச்சர்க்கரை உயிரணுக்களில் பிராணவாயுவின் துணையால் சிறிது சிறிதாகச் சிதைந்து சக்தி தருகிறது. அந்த வேலைக்கு உதவும் பொருள்களில் ஒன்று 'சைட்டோகுரோம் சி'. அது தாவரங்களிலும் உண்டு என்பதை உருளைக்கிழங்கைக் கொண்டு கமலா கண்டறிந்தார். ஊட்டிக் கிழங்கை நறுக்கும் நம் தாய்மார்களுக்கு இது வியப்பளிக்கும்! நாற்பதே பக்கக் கட்டுரைக்கு 1939-ல் டாக்டர் பட்டம் கிடைத்தது.

தாயகம் திரும்பி டில்லி லேடி ஹார்டிஞ்சு மருத்துவக் கல்லூரியிலும், பிறகு குன்னூரில் வைட்டமின் ஆராய்ச்சியிலும் ஈடுபட்டார். 1947-ல் திருமணமாகிப் பம்பாய் சென்றார். புளிக்காத மரச் சாறாகிய நீராவின் சத்துக்களை ஆராய்ந்தார். ஊட்டக்குறைவுள்ள பழங்குடிப் பிள்ளைகளுக்கும் கர்ப்பிணிகளுக்கும் அது நல்ல உணவென்று காட்டினார். இதற்காக ஜனாதிபதி விருதும் பெற்றார். ஆயினும் பம்பாய் விஞ்ஞானக் கழகத்தின் இயக்குநர் பதவி அவருக்கு நான்கு ஆண்டுகள் தாமதமாகவே வந்தது. காரணம் பழையதுதான்.

1998-ல் புதுடில்லியில், இந்திய மருத்துவ ஆராய்ச்சிக் கழகம் எடுத்த பாராட்டு விழாவிலேயே அம்மையார் மயங்கி விழுந்தார். சிறிது காலத்தில் அமரரானார்.