ஒரு ரொட்டியை மறக்காத எழுத்தாளர்



புதுச்சேரியில் இருப்பவர்களுக்கு நீளமான பிரெஞ்சு ரொட்டியைப் பற்றிச் சொல்லவே வேண்டாம். காலையில் கடைக்கு ஓடிப்போய்ச் சுடச்சுட வாங்கி வந்திருப்பீர்கள். வரும் வழியிலேயே முனையைக் கிள்ளித் தின்று, அம்மாவிடம் திட்டும் வாங்கியிருப்பீர்கள்!

ஒரே ஒரு ரொட்டியைத் திருடப் போய், பத்தொன்பது ஆண்டுகள் சிறையில் வாடிய ஒரு மனிதனின் கதை உங்களுக்குத் தெரியுமா? அது கதைதான். ஆனாலும் அந்தக் கதை பிறந்ததற்கு ஓர் உண்மைக் காரணம் உண்டு. அதை எழுதியவர் விக்டர் ஹியூகோ. பிரான்சு நாடு தந்த மாபெரும் எழுத்தாளர். இன்று அவரைப் பற்றித்தான் தெரிந்துகொள்ளப் போகிறீர்கள்.

1802ஆம் ஆண்டு பிப்ரவரி 26ஆம் நாள், பெசான்சோன் என்ற ஊரில் ஹியூகோ பிறந்தார். வீட்டில் மூன்றாவது பிள்ளை. தந்தை நெப்போலியனின் படையில் அதிகாரி. அவருடைய வேலை காரணமாகக் குடும்பம் இத்தாலி, ஸ்பெயின் என்று ஊர் ஊராக அலைந்தது. படிக்கும் வயதிலேயே ஹியூகோ கவிதை எழுதத் தொடங்கிவிட்டார். இருபது வயதில் முதல் கவிதைத் தொகுப்பு வெளிவந்தது. அதைப் பாராட்டி மன்னர் பதினெட்டாம் லூயி அவருக்கு உதவித்தொகை வழங்கினார். அப்போது ஹியூகோ மன்னராட்சியை விரும்பியவர்தான். பின்னாளில் அவர் எப்படி மாறினார் என்பதைக் கவனித்துக்கொண்டே வாருங்கள்.

1831இல் நோத்ர தாம் தேவாலயத்தை மையமாக வைத்து ஒரு நாவல் எழுதினார். கூன் விழுந்த மணியடிப்பவன் ஒருவன் அதில் வருகிறான். அந்தச் சமயத்தில் பாரிசு நகரின் அந்தப் பழம்பெரும் தேவாலயம் கவனிப்பாரற்றுச் சிதைந்து கிடந்தது. நாவலைப் படித்த மக்களுக்கு அதன்மேல் பாசம் பிறந்தது. சில ஆண்டுகளில் பழுதுபார்க்கும் வேலையும் தொடங்கியது. 2019இல் தீ விபத்தில் சேதமாகி, 2024இல் மீண்டும் திறக்கப்பட்டதே, அதே தேவாலயம்தான்!

பேரும் புகழும் ஹியூகோவைத் தேடி வந்தன. 1841இல் பிரெஞ்சு அகாதமியில் இடம் கிடைத்தது. 1845இல் நாட்டின் மேலவையில் உறுப்பினரானார். இதற்கு நடுவே ஒரு பெருந்துயரமும் வந்தது. 1843இல் அவருடைய அன்பு மகள் லெயோபோல்தீன், படகு கவிழ்ந்து சேன் ஆற்றில் மூழ்கி இறந்துபோனாள். அவளுக்கு வயது பத்தொன்பது. அந்தச் செய்தியைப் பயணத்தின் நடுவில், ஒரு செய்தித்தாளில் படித்துத்தான் தந்தை தெரிந்துகொண்டார். எவ்வளவு கொடுமை பாருங்கள்!

இப்போது ரொட்டிக் கதைக்கு வருவோம்.

1846ஆம் ஆண்டு பிப்ரவரி மாதம். பாரிசில் நல்ல குளிர். தெருவில் ஓர் ஏழையைக் காவலர்கள் இழுத்துச் செல்வதை ஹியூகோ பார்த்தார். ஒரு ரொட்டியைத் திருடியதுதான் அவன் செய்த குற்றம். மெலிந்த உடல், கிழிந்த உடை. காலில் சுற்றியிருந்த துணியில் இரத்தக் கறை. பக்கத்திலேயே அழகான ஒரு குதிரை வண்டி நின்றது. அதற்குள் வெல்வெட் ஆடை அணிந்த சீமாட்டி ஒருவர் தம் குழந்தையோடு சிரித்து விளையாடிக்கொண்டிருந்தார். அந்த ஏழை சீமாட்டியையே பார்த்தான். அவரோ, அப்படி ஒருவன் அங்கே நிற்பதையே கவனிக்கவில்லை.

ஹியூகோ வீட்டுக்குப் போய், தாம் கண்டதைக் குறிப்பேட்டில் எழுதி வைத்தார். ஏழைகளைப் பற்றிய ஒரு நாவலை அவர் அதற்கு முந்தைய ஆண்டே தொடங்கியிருந்தார். அன்று கண்ட காட்சி அவர் மனத்தை விட்டு அகலவே இல்லை.

அக்காலத்துப் பிரான்சு எப்படி இருந்தது தெரியுமா? புதிய ஆலைகள் பெருகின. முதலாளிகளிடம் செல்வம் குவிந்தது. தொழிலாளர்களோ வெளிச்சமில்லாத நிலவறைகளில் வாழ்ந்தார்கள். குழந்தைகளும் ஆலைகளில் வேலை செய்தார்கள். 1841இல்தான் ஒரு சட்டம் வந்தது. பெரிய ஆலைகளில் எட்டு வயதுக்கு உட்பட்டவர்களை வேலைக்குச் சேர்க்கக் கூடாது. எட்டு முதல் பன்னிரண்டு வயதுள்ளவர்களிடம் நாளுக்கு எட்டு மணி நேரத்துக்கு மேல் வேலை வாங்கக் கூடாது என்றது அந்தச் சட்டம். நான்காம் வகுப்பு மாணவன் நாளுக்கு எட்டு மணி நேரம் ஆலையில் நிற்கலாம் என்பதுதானே இதற்குப் பொருள்? அந்தச் சட்டத்தைக்கூடப் பலர் மதிக்கவில்லை.

1849இல் ஹியூகோ நாடாளுமன்றத்தில் வறுமையைப் பற்றிப் பேசினார். வறுமை என்பது தலைவிதி அல்ல, அதை ஒழிக்க முடியும் என்று வாதாடினார். மன்னரின் உதவித்தொகை பெற்ற இளைஞர், ஏழைகளின் வழக்கறிஞராக மாறிவிட்டார்.

1851 டிசம்பரில், குடியரசுத் தலைவராக இருந்த லூயி நெப்போலியன் படைபலத்தால் ஆட்சியைத் தம் வசமாக்கிக்கொண்டார். ஹியூகோ அதை எதிர்த்தார். கைதாகும் ஆபத்து வந்தது. ஒரு தொழிலாளியின் பெயரில் இருந்த கடவுச்சீட்டோடு இரயிலேறி பெல்ஜியத்துக்குத் தப்பினார். பிறகு ஜெர்சி, கெர்ன்சி என்னும் தீவுகளில் வாழ்ந்தார். அவை பிரிட்டிஷ் முடியாட்சியின் கீழ் இருந்தவை.

குழந்தைகளே, இதே போன்ற ஒன்று நம் ஊரிலும் நடந்திருக்கிறது, நினைவிருக்கிறதா? 1908இல் ஆங்கிலேயர் பிடிக்குத் தப்பி, பிரெஞ்சுக்காரர் ஆண்ட புதுச்சேரிக்கு வந்தவர் மகாகவி பாரதியார். ஹியூகோவோ பிரெஞ்சு ஆட்சியாளருக்குத் தப்பி, ஆங்கிலேயர் கொடியின் கீழ் வாழ்ந்தார். இருவருமே அடைக்கலம் புகுந்த இடத்தில் சோர்ந்து உட்காரவில்லை. தம் சிறந்த படைப்புகள் பலவற்றை அங்கேதான் எழுதினார்கள்.

கெர்ன்சியில் ஹியூகோவின் வீட்டு மாடியில் ஒரு கண்ணாடி அறை இருந்தது. வானம் தெளிவாக இருந்தால் கடலுக்கு அப்பால் பிரான்சின் கரை தெரியும். அங்கே நின்றபடியே எழுதுவது அவர் வழக்கம். 1859இல் அரசு மன்னிப்பு அளித்து, நாடு திரும்பலாம் என்றது. சுதந்திரம் திரும்பும்போதுதான் நானும் திரும்புவேன் என்று மறுத்துவிட்டார். பாதியில் நின்றிருந்த நாவலை 1860இல் மீண்டும் கையில் எடுத்தார். 1862இல் அது வெளிவந்தது. தொடங்கி முடிக்கப் பதினேழு ஆண்டுகள்!

அதன் நாயகன் ழான் வால்ழான். அக்காளின் ஏழு குழந்தைகள் பசியால் துடிக்க, ஒரு ரொட்டியைத் திருடுகிறான். ஐந்து ஆண்டு தண்டனை. தப்பிக்க முயன்றதற்கு மேலும் மேலும் தண்டனை. பத்தொன்பது ஆண்டுகள் கழித்து வெளியே வந்தால் யாரும் அவனுக்கு இடம் தரவில்லை. ஒரு பாதிரியார் மட்டும் சோறும் படுக்கையும் தந்தார். அவர் வீட்டு வெள்ளிப் பாத்திரங்களையே திருடிக்கொண்டு ஓடினான்! காவலர்கள் பிடித்து வந்தபோது, அவை தாம் கொடுத்தவையே என்று சொன்னதோடு, வெள்ளி விளக்குத் தண்டுகளையும் எடுத்துக் கொடுத்தார் பாதிரியார். அந்த அன்பு அவனைப் புது மனிதனாக்கியது. தண்டனை செய்யாததைக் கருணை செய்துவிட்டது.

அதே ஆண்டு முதல், ஹியூகோ கெர்ன்சியின் ஏழைக் குழந்தைகளைத் தம் வீட்டுக்கு அழைத்து வாரந்தோறும் விருந்தளித்தார். எழுதியதோடு நின்றுவிடவில்லை, பார்த்தீர்களா?

1870இல் பிரான்சு மறுபடியும் குடியரசானது. மறுநாளே ஹியூகோ பாரிசுக்குத் திரும்பினார். அவர் நாட்டைப் பிரிந்திருந்த காலமும் ஏறத்தாழப் பத்தொன்பது ஆண்டுகள்தான். கதை நாயகனுக்கும் அவருக்கும் அப்படி ஓர் ஒற்றுமை!

முதுமையில் பேரக் குழந்தைகளோடு விளையாடி மகிழ்ந்தார். பிரான்சில் தொடக்கக் கல்வி 1881இல் இலவசமாகவும், 1882இல் கட்டாயமாகவும் ஆனதைக் கண்ணாரக் கண்டார். 1885 மே 22ஆம் நாள், 83ஆம் வயதில் மறைந்தார். ஏழைகளுக்கு 50,000 பிராங்கு எழுதி வைத்திருந்தார். ஏழைகளின் சவ வண்டியில்தான் தம்மைக் கொண்டுபோக வேண்டும் என்றும் கேட்டிருந்தார். அப்படியே அந்த எளிய வண்டியில் அவர் இறுதிப் பயணம் நடந்தது. வழியனுப்பச் சுமார் 20 இலட்சம் பேர் திரண்டார்கள்.

அந்த நாவலைத் தமிழுக்கு 'ஏழை படும் பாடு' என்ற பெயரில் தந்தவர், புதுச்சேரியில் நெடுங்காலம் வாழ்ந்த கவியோகி சுத்தானந்த பாரதியார். 1950இல் அது திரைப்படமாகவும் வந்தது. நாகையா நாயகனாக நடித்தார். ஜாவர் என்ற காவல் அதிகாரியாக நடித்த சீதாராமன், அதன் பிறகு வாழ்நாள் முழுவதும் ஜாவர் சீதாராமன் என்றே அழைக்கப்பட்டார்!

குழந்தைகளே, அன்று பாரிசுத் தெருவில் அந்த ஏழையை எத்தனையோ பேர் பார்த்திருப்பார்கள். பார்த்துவிட்டு வீட்டுக்குப் போய் மறந்திருப்பார்கள். ஒருவர் மட்டும் மறக்கவில்லை. நாளைக் காலையில் ரொட்டி வாங்கப் போகும்போது, கடை வாசலில் யாராவது பசியோடு நிற்கிறார்களா என்று ஒரு கணம் பாருங்கள். ரொட்டியில் பாதியைக் கொடுத்துவிட்டு வந்தால், அன்றைக்கு அம்மா நிச்சயம் திட்டமாட்டார்.