எழுதுகோல் இசைத்த பண்

உலக்கையின் இடியும் முறத்தின் புடைப்பும் தாளமாக ஒலிப்பதை ஏற்காட்டு மலையில் வெள்ளக்கடை முதலிய ஊர்களிற் பிறந்தார் நன்கறிவர். வீட்டுப் பொருளும் இசை தரும் என்னும் இவ்வுண்மையைத் திரைப்படத்தில் நாட்டிய நார்மன் மெக்லாரன் என்பாரின் வரலாற்றை ஈண்டுச் சுருங்கக் கூறப் புகுகின்றோம்.

இவர் 1914-ஆம் ஆண்டு ஏப்ரல் 11-ஆம் நாள் ஸ்காட்லாந்து நாட்டு ஸ்டர்லிங் நகரிற் பிறந்தார். தந்தையார் வீடுகளை அலங்கரிக்கும் தொழிலினர். கிளாஸ்கோ ஓவியக் கல்லூரியிற் பயிலுங்கால் இவருக்குத் திரைப்பட வேட்கை மிகுந்தது. கையிலோ காமிரா இல்லை. ஆயினும் மனந்தளராது, பழைய படச்சுருளொன்றை நீரில் ஊறவைத்து, அதிலிருந்த உருவங்களைப் போக்கி, தெளிந்த சுருளின்மேல் தம் கையாலேயே வண்ணந் தீட்டினார். இல்லாமையே இவர்க்கு ஆசானாயிற்று.

1941-இல் கனடா தேசியத் திரைப்படக் கழகத்திற் சேர்ந்தார். படச்சுருளின் ஓரத்தில் ஒலிக்கெனக் குறுகிய பாதையொன்று உண்டு. அதனூடு செல்லும் ஒளி கூடியுங் குறைந்தும் வருதலால் ஒலி பிறக்கும். மெக்லாரன் அப்பாதையிற் பேனாவும் மையுங் கொண்டு சிறு கோடுகள் வரைந்தார். கோடுகள் நெருங்கின் சுரம் உயரும், விலகின் தாழும், பெருப்பின் ஓசை மிகும். வீணையுமின்றிக் குழலுமின்றி எழுதுகோலே இசைக்கருவியாயிற்று!

இக்கலையை அவர் வெறும் விளையாட்டாகக் கொண்டாரல்லர். 1952-இல் வெளிவந்த அயலார் என்னும் படத்தில், அண்டை வீட்டார் இருவர் ஒரு பூவுக்காகப் போரிட்டு மடிகின்றனர். அதன் ஒலியையும் அவரே ஆக்கினார். அப்படம் ஆஸ்கார் பரிசு பெற்றது.

1952-53-இல் யுனெஸ்கோவின் சார்பில் நம் நாட்டிற்கும் வந்து பணியாற்றினார். 1957-இல் கிளாட் ஜூத்ராவுடன் சேர்ந்து நாற்காலியொன்றைக் கதைத்தலைவியாக்கினார். இளைஞன் ஒருவன் உட்கார முயல, அது உடன்படாது துள்ளி ஓடும். தன்மேல் அமர அதற்கு அவன் இடங்கொடுத்த பின்னரே, அதுவும் அவனுக்கு இடங்கொடுக்கும். நூலிழையால் இயங்கிய அந்நாற்காலியின் கூத்திற்கு இசை வகுத்தவர் நம் பண்டித ரவிசங்கர். தபலா முழக்கியவர் சதுர்லால். விட்டுக்கொடாத அயலார் மாண்டனர்; விட்டுக்கொடுத்த இளைஞனோ இருக்கை பெற்றான்.

மெக்லாரன் 1987-ஆம் ஆண்டு ஜனவரி 27-ஆம் நாள் இயற்கை எய்தினார்.

தக்க கருவி இல்லையே என்று கைகட்டியிருக்கும் மாணவ நண்பர்காள்! நம் சட்டைப்பையிலும் எழுதுகோல் உண்டு. அதனுள் உறங்கும் பண்ணை எழுப்புதற்கு வேண்டுவன பொறுமையும் அன்புமே என்பது எம் துணிபு.