பவளக்கொடி தந்த பாகவதர்

1910-ஆம் ஆண்டு மாயவரத்திற் பிறந்த எம். கே. தியாகராஜ பாகவதரைத் திருச்சிராப்பள்ளியும் ஸ்ரீரங்கமும் தம் பிள்ளையென உரிமை பாராட்டுவது நியாயமே. பாலக்கரையில் வளர்ந்த அச்சிறுவனின் குரலைக் கேட்டு மயங்கியவர் எப். ஜி. நடேசய்யர். ரயில்வே உத்தியோகஸ்தர், அதைவிட நாடகப் பித்தர். தமது ரசிக ரஞ்சன சபையின் ஹரிச்சந்திர நாடகத்தில் அவனை லோகிதாசனாக மேடையேற்றினார்.

பாகவதரின் பெயரை நாடறியச் செய்தது ‘பவளக்கொடி’. சங்கரதாஸ் சுவாமிகளின் பழைய நாடகந்தான். எனினும் பாகவதர் அர்ஜுனனாகவும் எஸ். டி. சுப்புலட்சுமி பவளக்கொடியாகவும் தோன்றிய பின்னர், கதை அவருடைய பாட்டுக்கு ஒரு சாக்காகிவிட்டது. ஒலிபெருக்கி பரவாத காலத்துக் கொட்டகையில், தரையில் அமர்ந்த ஏழைக்கும் எட்டிய சாரீரம் அது! ஒரு குரலுக்காக ஒரு நாடகமா, இதனால் நாடகக் கலைக்கு என்ன லாபம் என்று கேட்போரை நாம் குறைகூறோம். ஆனால், கச்சேரி மண்டபத்தின் வாயிலையே கண்டிராத வண்டிக்காரனும் கர்நாடக ராகங்களைத் தமிழ்ச் சொற்களில் பாடத் தொடங்கினானே, அது சிறு காரியமா? 1934-ல் கே. சுப்பிரமணியம் அதையே படமாக்கினார்; ஏறத்தாழ 50 பாட்டுக்கள்.

அதன்பின் பத்தாண்டுகள் அவருக்கு நிகரில்லை. 1944-ல் லட்சுமிகாந்தன் கொலை வழக்கிற் கைதாகித் தண்டனையும் பெற்றார். அவர் சிறையிலிருக்க, ‘ஹரிதாஸ்’ சென்னை பிராட்வே கொட்டகையில் மூன்று தீபாவளிகளைக் கண்டது. திரையில் நிழலைக் கொண்டாடிய அதே ஜனங்கள், பிரிவி கவுன்சில் வரை முறையிட்டு 1947 ஏப்ரலில் விடுதலையான மனிதரின் புதிய படங்களை ஏற்கவில்லை. இதை எண்ணுந்தோறும் நமக்கு வெட்கமே உண்டாகிறது.

1959 நவம்பர் 1-ல் சென்னையில் காலமானபோது அவருக்கு வயது 49. திருச்சி சங்கிலியாண்டபுரத்தில் அவர் சமாதி இருக்கிறது.