பேராயர் ரொமேரோ: இராணுவ உதவிக்கு எதிராக எழுதப்பட்ட ஒரு கடிதம்

1980ஆம் ஆண்டு பிப்ரவரி 17ஆம் தேதி, ஞாயிற்றுக்கிழமை. மத்திய அமெரிக்க நாடான எல் சால்வடோரின் தலைநகர் சான் சால்வடோரில் திருப்பலி நடந்துகொண்டிருந்தது. பேராயர் ஆஸ்கர் அர்னுல்ஃபோ ரொமேரோ தமது மறையுரையின் நடுவே ஒரு கடிதத்தை எடுத்து வாசித்தார். அது அமெரிக்க அதிபர் ஜிம்மி கார்ட்டருக்கு எழுதப்பட்டிருந்தது. ஆனால் இன்னும் அனுப்பப்படவில்லை. மக்களின் கருத்தை அறிந்த பின்னரே அனுப்புவது என்று அவர் முடிவு செய்திருந்தார். கூடியிருந்தவர்கள் கைதட்டி ஆதரவு தெரிவித்தனர். கடிதம் வாஷிங்டன் சென்றது.

எல் சால்வடோர் இராணுவத்துக்கு அமெரிக்கா உதவி வழங்கக் கூடாது என்பதுதான் அதன் கோரிக்கை. ஐந்து வாரங்கள் கழித்து, அதை எழுதியவர் கொல்லப்பட்டார்.

வேறொரு நாட்டின் படைக்கு உதவி வழங்கும் அரசு, அந்தப் படை தன் சொந்த மக்களிடம் எப்படி நடந்துகொள்கிறது என்று முன்கூட்டியே ஆராய வேண்டுமா? ஆராய்வதென்றால் யாருடைய சாட்சியத்தைக் கேட்பது? அமெரிக்காவில் இன்று லீஹி சட்டம் என்று அறியப்படும் சட்டம் விடை காண முயலும் கேள்விகள் இவை. அந்தச் சட்டம் பிறப்பதற்குப் பல ஆண்டுகளுக்கு முன்பே ரொமேரோவின் அலுவலகத்தில் அதற்கான விடை, பெயர்ப் பட்டியல்களாகக் கோப்புகளில் சேர்ந்துகொண்டிருந்தது.

மௌனம் காத்த ஆயர்

ரொமேரோ 1917 ஆகஸ்ட் 15ஆம் தேதி, நாட்டின் கிழக்கே ஹோண்டுராஸ் எல்லையை ஒட்டிய மலைப்பகுதியிலுள்ள சியுடாட் பாரியோஸ் என்ற சிற்றூரில் பிறந்தார். தந்தை தந்தி அலுவலகப் பணியாளர். சிறுவனாகத் தச்சு வேலை கற்ற ரொமேரோ, பதின்ம வயதில் குருமடத்தில் சேர்ந்தார். ரோமில் இறையியல் பயின்று, போர் நடந்துகொண்டிருந்த 1942ல் அங்கேயே குருப்பட்டம் பெற்றார். நாடு திரும்பி, சான் மிகெல் மறைமாவட்டத்தில் இருபது ஆண்டுகளுக்கும் மேலாகப் பணியாற்றினார்.

காப்பித் தோட்டங்களையும் அவற்றின் வருவாயையும் பதினான்கு குடும்பங்கள் என்று பொதுவாகக் குறிப்பிடப்பட்ட ஒரு சிறு வர்க்கம் கட்டுப்படுத்திய நாடு அது. 1930களின் தொடக்கம் முதல் ஆட்சி இராணுவத்தினரின் கையில் இருந்தது. இதைக் கேள்விக்குள்ளாக்கிய குருமார் பலர் அறுபதுகளிலும் எழுபதுகளிலும் உருவானார்கள். ரொமேரோ அவர்களில் ஒருவர் அல்லர். 1970ல் துணை ஆயரான அவர், திருச்சபையின் வார இதழுக்கு ஆசிரியராக இருந்தபோது, தலைநகரில் இயேசு சபையினர் நடத்திய ஒரு பள்ளி மாணவர்களுக்குத் தவறான அரசியலைப் புகட்டுவதாகச் சாடினார். செல்வர் வீடுகளில் அவருக்கு நல்ல வரவேற்பு இருந்தது.

1975 ஜூனில், அப்போது அவர் ஆயராக இருந்த சாண்டியாகோ டி மரியா மறைமாவட்டத்தில், ட்ரெஸ் காயெஸ் என்ற இடத்தில் தேசியக் காவற்படையினர் விவசாயிகளை வீடு புகுந்து கொன்றனர். ரொமேரோ அங்கு சென்று குடும்பத்தாருக்கு ஆறுதல் கூறினார். ஆனால் பகிரங்கமாக எதுவும் பேசவில்லை. தமக்கு அறிமுகமான அதிபர் மொலினாவுக்குத் தனிப்பட்ட முறையில் ஒரு கடிதம் எழுதியதோடு நின்றுகொண்டார். அதிகாரத்தில் உள்ளவர்களுக்கு உண்மையை எடுத்துச் சொன்னால் அவர்கள் சரிசெய்துவிடுவார்கள் என்று அப்போது அவர் நம்பியதாகவே தோன்றுகிறது.

1977 பிப்ரவரியில் அவர் சான் சால்வடோரின் பேராயரானபோது ஆட்சியாளர்கள் மகிழ்ந்தனர். சீர்திருத்தம் விரும்பிய குருமார் சோர்ந்தனர். அந்த மகிழ்ச்சி மூன்று வாரம்கூட நீடிக்கவில்லை. மார்ச் 12ஆம் தேதி, அகிலாரெஸ் பகுதியில் கரும்புத் தொழிலாளர்களிடையே பணியாற்றிய இயேசு சபைக் குருவும் ரொமேரோவின் நண்பருமான ருடிலியோ கிராண்டே, உடன் பயணித்த முதியவர் ஒருவருடனும் சிறுவன் ஒருவனுடனும் சுட்டுக் கொல்லப்பட்டார். அன்றிரவே அங்கு சென்ற ரொமேரோ மூன்று உடல்களையும் பார்த்தார். விசாரணை நடத்தப்படும் என்று அரசு உறுதியளித்தது. விசாரணைக்கான அறிகுறி எதுவும் தென்படாததால், அது நடக்கும்வரை அரசு விழாக்கள் எதிலும் கலந்துகொள்வதில்லை என்று பேராயர் அறிவித்தார். அவ்வாண்டு ஜூலையில் நடந்த புதிய அதிபரின் பதவியேற்பு விழாவுக்கும் அவர் செல்லவில்லை.

பெயர்களைப் பதிவு செய்த அலுவலகம்

ரொமேரோ எந்தப் பள்ளியைச் சாடினாரோ, அதே பள்ளியில் செகுண்டோ மோன்டெஸ் என்ற இயேசு சபைக் குருவும் சில வழக்கறிஞர்களும் 1975ல் ஏழைகளுக்கான சட்ட உதவி அமைப்பொன்றைத் தொடங்கியிருந்தனர். ரொமேரோ அதைப் பேராயர் இல்லத்தின் அதிகாரபூர்வ அமைப்பாக ஏற்றார். கணவனைத் தேடும் மனைவியரும் மகனைத் தேடும் தாய்மாரும் அங்கு வந்தனர். யார் பிடித்துச் செல்லப்பட்டார், எந்த நாளில், எந்த இடத்தில், வந்தவர்கள் எந்தப் படையின் சீருடையில் இருந்தனர் என்ற விவரங்கள் எழுதி வைக்கப்பட்டன.

அந்த விவரங்கள் ஒவ்வொரு ஞாயிறும் மறையுரையில் இடம்பெற்றன. வேத விளக்கத்துக்குப் பின்பு அந்த வாரத்தின் நிகழ்வுகளை ரொமேரோ வாசிப்பார்: கொல்லப்பட்டோர், காணாமல் போனோர், கைதானோர், பெயர் பெயராக. கெரில்லாக் குழுக்கள் நடத்திய ஆட்கடத்தல்களையும் கொலைகளையும் அவர் கண்டித்தார். திருச்சபையின் ஒய்எஸ்ஏஎக்ஸ் வானொலி இதை நாடெங்கும் ஒலிபரப்பியது. தணிக்கைக்கும் அச்சத்துக்கும் உட்பட்டிருந்த பத்திரிகைகள் அச்சிடாததை மக்கள் அந்த வானொலியில்தான் கேட்டறிந்தனர். நிலையத்தின் மீது பலமுறை குண்டு வீசப்பட்டது.

வாஷிங்டனில் இதற்கான சட்டம் இல்லாமல் இல்லை. தன் மக்களின் மனித உரிமைகளைத் தொடர்ச்சியாகவும் கடுமையாகவும் மீறும் அரசுக்குப் பாதுகாப்பு உதவி வழங்கக் கூடாது என்று அமெரிக்க காங்கிரஸ் 1976லேயே சட்டமியற்றியிருந்தது. உதவி பெறும் நாடுகள் குறித்து வெளியுறவுத் துறை அறிக்கை தரவேண்டும் என்ற விதியும் வந்தது. அத்தகைய அறிக்கையால் சினமுற்ற எல் சால்வடோர் அரசு, 1977 மார்ச்சில், அமெரிக்க இராணுவ உதவியே தனக்கு வேண்டாம் என்று தானாகவே மறுத்துவிட்டது. ருடிலியோ கிராண்டே கொல்லப்பட்ட அதே மாதம் அது.

ஆனால் அந்தச் சட்டம் ஓர் அரசை முழுமையாக எடைபோடச் சொன்னது. அரசு மாறினால் எடையும் மாறும். 1979 அக்டோபர் 15ஆம் தேதி இளம் அதிகாரிகள் ஆட்சியைக் கைப்பற்றி, சிவிலியன்களையும் சேர்த்து ஆட்சிக்குழு அமைத்து, நிலச் சீர்திருத்தம் செய்வதாக அறிவித்தனர். ரொமேரோவும் தொடக்கத்தில் அதற்கு எச்சரிக்கையுடன் ஓர் வாய்ப்பளித்தார். அதற்காக இடதுசாரிகள் அவரைக் குறை கூறினர். ஆனால் கொலைகள் குறையவில்லை. படைகளைக் கட்டுப்படுத்த இயலாத சிவிலியன் உறுப்பினர்கள் 1980 ஜனவரி தொடக்கத்தில் பதவி விலகினர். எனினும் வாஷிங்டனைப் பொறுத்தவரை அது சீர்திருத்த அரசாகவே நீடித்தது. 57 லட்சம் டாலர் இராணுவ உதவிக்கான திட்டம் தயாரானது. வண்டிகள், தகவல் தொடர்புக் கருவிகள் போன்றவைதான், உயிர் பறிக்கும் ஆயுதங்கள் அல்ல என்று கூறப்பட்டது.

இந்த வாதத்தைத்தான் ரொமேரோவின் கடிதம் மறுத்தது. முந்தைய நவம்பரில் அமெரிக்கா அளித்த வாயு முகமூடிகளும் பாதுகாப்புக் கவசங்களும் வந்த பின்பு, பாதுகாப்புப் படையினர் முன்னிலும் துணிவாக மக்களை ஒடுக்குவதாக அவர் சுட்டிக்காட்டினார். அதிகாரம் ஆட்சிக்குழுவிடம் இல்லை, ஆயுதம் ஏந்தியோரிடமே உள்ளது என்றார். மனித உரிமையைப் பேசும் அதிபர் என்ற வகையிலும், கிறிஸ்தவர் என்ற வகையிலும் கார்ட்டர் இதைச் சீர்தூக்கிப் பார்க்க வேண்டும் என்று கேட்டுக்கொண்டார். தூதரகத்தைவிட அவருக்கு ஒன்று கூடுதலாகத் தெரிந்திருந்தது: முகமூடி அணிந்தவர்கள் யார் என்பது. கண்ணால் கண்டவர்களின் வாக்குமூலங்கள் அவரது கோப்புகளில் இருந்தன.

கடிதம் வாசிக்கப்பட்ட ஓரிரு நாட்களில் ஒய்எஸ்ஏஎக்ஸ் நிலையம் குண்டுவைத்துத் தகர்க்கப்பட்டது. வாஷிங்டனிலிருந்து வெளியுறவு அமைச்சர் சைரஸ் வான்ஸின் பதில் வந்தது. சீர்திருத்த அரசை ஆதரிப்பதே சிறந்த வழி, உதவி தவறாகப் பயன்படுத்தப்பட்டால் மறுபரிசீலனை செய்யப்படும் என்பது அதன் சாரம். மார்ச் மாதம் பேராயர் திருப்பலி நிறைவேற்றிய ஆலயத்தில் 72 டைனமைட் குச்சிகள் அடங்கிய பெட்டி வெடிக்காத நிலையில் கண்டெடுக்கப்பட்டது.

மார்ச் 23ஆம் தேதி, மீண்டும் இயங்கத் தொடங்கிய வானொலியில், அவர் இறுதியாக ஒரு படி மேலே சென்றார். அரசுக்கோ தளபதிகளுக்கோ அல்லாமல், சாதாரணச் சிப்பாய்களுக்கே வேண்டுகோள் விடுத்தார். கொல்லச் சொல்லும் கட்டளைக்குக் கீழ்ப்படிய எவரும் கடமைப்பட்டவர் அல்லர் என்று அவர்களுக்கு எடுத்துரைத்தார். இராணுவத் தலைமை இதைக் கலகத்துக்கான தூண்டுதலாகவே கண்டது.

மறுநாள் மாலை, புற்றுநோயாளிகளுக்கான டிவினா பிரொவிடென்சியா மருத்துவமனையின் சிற்றாலயத்தில் அவர் திருப்பலி நிறைவேற்றிக்கொண்டிருந்தார். வாசலுக்கு வெளியே வந்து நின்ற காரிலிருந்து பாய்ந்த ஒற்றைக் குண்டு அவர் உயிரைப் பறித்தது. அந்த மருத்துவமனை வளாகத்திலிருந்த ஒரு சிறு வீட்டில்தான் அவர் வாழ்ந்து வந்தார். மார்ச் 30ஆம் தேதி அவரது இறுதிச் சடங்கின்போதும் குண்டு வெடித்து, துப்பாக்கிச் சூடு நடந்து பலர் மடிந்தனர். வாஷிங்டனில் 57 லட்சம் டாலர் திட்டம் நிற்கவில்லை. அடுத்த சில நாட்களிலேயே அது காங்கிரஸ் குழுவின் ஒப்புதலைப் பெற்றது.

சான்றிதழும் எல் மொசோட்டேயும்

அதன் பின் நடந்தவை ரொமேரோவின் வாழ்க்கையின் பகுதி அல்ல. ஆனால் அவரது கடிதத்தின் பகுதி. 1980 டிசம்பரில் அமெரிக்கக் கத்தோலிக்கப் பெண் ஊழியர் நால்வரைத் தேசியக் காவற்படையினர் கொன்றனர். கார்ட்டர் உதவியை நிறுத்தினார். 1981 ஜனவரியில், பதவியை விட்டுச் செல்லும் தறுவாயில், மீண்டும் வழங்கினார். எல் சால்வடோர் அரசு மனித உரிமைகளை மதிக்க முயல்வதாக அதிபர் ஆறு மாதத்துக்கு ஒருமுறை சான்றளித்தால்தான் உதவி தொடரும் என்று காங்கிரஸ் 1981ல் நிபந்தனை விதித்தது.

அவ்வாண்டு டிசம்பரில், அமெரிக்கப் பயிற்சி பெற்ற அட்லாகட்ல் பட்டாளம் எல் மொசோட்டேயிலும் அண்டைக் கிராமங்களிலும் ஆயிரம் பேர் வரை கொன்றது. 1982 ஜனவரி 27ஆம் தேதி இரு அமெரிக்க நாளேடுகள் இதை வெளியிட்டன. மறுநாள் அதிபர் ரேகன் சான்றிதழில் கையெழுத்திட்டார். பின்பு அனுப்பப்பட்ட தூதரக அதிகாரிகள் இருவர் அந்தக் கிராமத்தைச் சென்றடையவே இல்லை. படுகொலையை உறுதிப்படுத்தும் சான்று இல்லை என்று காங்கிரசிடம் கூறப்பட்டது. 1992ல் அங்கு ஒரே கட்டிடத்தின் இடிபாடுகளில் தோண்டியபோது 143 பேரின் எலும்புகள் கிடைத்தன. அவர்களில் பெரும்பாலோர் சிறுவர்கள். உதவி வழங்க விரும்புகிறவரிடமே சான்றளிக்கும் பொறுப்பையும் ஒப்படைத்தால் என்ன நேரும் என்பதற்கு இதைவிட வேறு உதாரணம் தேவையில்லை. அந்த நிபந்தனைகூட 1983 இறுதியில், அதன் நீட்டிப்புக்கு ரேகன் ஒப்பமிட மறுத்ததால் காலாவதியாயிற்று.

1989 நவம்பர் 16ஆம் தேதி, அதே பட்டாளத்தின் சிறப்புப் பிரிவினர் மத்திய அமெரிக்கப் பல்கலைக்கழக வளாகத்துள் புகுந்து, இயேசு சபைக் குருமார் ஆறு பேரையும் சமையல் பணிப்பெண்ணையும் அவரது மகளையும் சுட்டுக் கொன்றனர். சில நாட்களுக்கு முன்புவரை அமெரிக்கப் பயிற்றுநர்களிடம் பயிற்சி பெற்றுக்கொண்டிருந்தவர்கள் அவர்கள். கொல்லப்பட்ட குருமாரில் ஒருவர், சட்ட உதவி அமைப்பைத் தொடங்கிய செகுண்டோ மோன்டெஸ். அதன் பின்னர்தான், 1990ல், காங்கிரஸ் இராணுவ உதவியில் பாதியை நிறுத்தி வைத்தது.

1992ல் போர் முடிந்தது. அமைதி ஒப்பந்தத்தின் கீழ், அந்நாட்டுச் சிவிலியன்கள் மூவர் கொண்ட குழு இராணுவ அதிகாரிகளின் கடந்தகாலத்தை ஒவ்வொருவராக ஆராய்ந்து, பாதுகாப்பு அமைச்சர் உட்பட நூறுக்கும் மேற்பட்டோரை நீக்கவோ இடமாற்றவோ பரிந்துரைத்தது. நூறு கோடி டாலருக்கும் மேல் இராணுவ உதவி வழங்கிய அமெரிக்கா போர்க்காலத்தில் செய்யாததை, மூன்று பேர் சில மாதங்களில் செய்து முடித்தனர்.

செனட்டர் பாட்ரிக் லீஹி முன்வைத்த சட்டம், கொலம்பியாவில் நடந்த உரிமை மீறல்களின் பின்னணியில், 1997 நிதியாண்டுக்கான ஒதுக்கீட்டில் முதலில் இடம்பெற்றது. அது அரசைப் பார்க்காமல் படைப்பிரிவைப் பார்க்கிறது. ஒரு பிரிவு சித்திரவதை, சட்டவிரோதக் கொலை, ஆட்களைக் காணாமல் போகச் செய்தல், பாலியல் வன்முறை போன்றவற்றைச் செய்ததாக நம்பத்தகுந்த தகவல் இருந்தால், குற்றவாளிகளை நீதியின் முன் நிறுத்த அந்நாட்டு அரசு நடவடிக்கை எடுக்காதவரை, அப்பிரிவுக்கு உதவி இல்லை. ஆனால் எது நம்பத்தகுந்தது என்பதை வாஷிங்டனே முடிவு செய்கிறது. நட்பு நாடுகள் என்று வரும்போது அந்த முடிவு தாமதமாவதும் தளர்வதும் உண்டு என்ற விமர்சனம் நீடிக்கிறது. களத்தில் பெயர், நாள், இடம், சீருடை என்று எழுதி வைப்பவர்கள் இல்லையென்றால், சோதிப்பதற்கே எதுவும் இராது.

ரொமேரோவைக் கொல்ல உத்தரவிட்டவர் முன்னாள் மேஜர் ரொபெர்ட்டோ டோபுய்சோன் என்று ஐ.நா. ஆதரவுடன் அமைந்த உண்மை ஆணைக்குழு 1993 மார்ச்சில் முடிவு செய்தது. 1972ல் அமெரிக்கா பனாமாவில் நடத்திய இராணுவக் கல்லூரியில் பயின்றவர் அவர். ஆணைக்குழுவின் அறிக்கைக்கு ஓராண்டு முன்பே புற்றுநோயால் இறந்திருந்தார். அறிக்கை வெளிவந்த ஐந்தாம் நாள் எல் சால்வடோர் நாடாளுமன்றம் பொதுமன்னிப்புச் சட்டம் நிறைவேற்றியது. அதை 2016ல்தான் அந்நாட்டின் உச்ச நீதிமன்றம் செல்லாது என்று அறிவித்தது. இடையில், 2004ல், கலிஃபோர்னியாவில் வாழ்ந்து வந்த முன்னாள் கேப்டன் அல்வாரோ சராவியா இக்கொலைக்குப் பொறுப்பாளி என்று அமெரிக்க நீதிமன்றம் ஒன்று தீர்ப்பளித்து, ஒரு கோடி டாலர் இழப்பீடு விதித்தது. அப்போது அவர் தலைமறைவாகியிருந்தார்.

2018 அக்டோபர் 14ஆம் தேதி போப் பிரான்சிஸ் ரொமேரோவைப் புனிதராக அறிவித்தார். அதே மாதத்தில் எல் சால்வடோர் நீதிபதி ஒருவர் சராவியாவைக் கைது செய்யப் பிடியாணை பிறப்பித்தார். இக்கொலைக்காக எல் சால்வடோரில் இதுவரை எவரும் தண்டிக்கப்படவில்லை.