ஆந்தை-பூனை ரைம் எழுதியவர் திருச்சி மலைக்கோட்டையை வரைந்த கதை... யார் இந்த எட்வர்ட் லியர்?

ஆந்தையும் பூனையும் படகில் ஏறி கடலுக்குப் போகும் ஆங்கில ரைம், இங்கிலீஷ் மீடியம் பிள்ளைகள் பலருக்குத் தெரியும். அதை எழுதிய எட்வர்ட் லியர், தன் தொழில் என்று சொல்லிக்கொண்டது பாட்டு எழுதுவதை அல்ல, இயற்கைக் காட்சி ஓவியத்தை. அந்த ஓவியர் 1874-ல் நம்ம ஊருக்கும் வந்தார்.

1812 மே 12-ல் லண்டன் அருகே ஹாலோவேயில் பிறந்தார். வீட்டில் 21 பிள்ளைகள், இவர் 20-வது. அப்பா பங்குத் தரகர். பணம் கைவிட்டுப் போனதும் குடும்பம் சிதறியது. தன்னைவிட 21 வயது மூத்த அக்கா ஆன்தான் இவரை வளர்த்தார்.

சின்ன வயதிலேயே வலிப்பு நோய் வந்தது. அன்றைக்கு அது வெளியில் சொல்ல முடியாத நோய். வரப்போகிறது என்று தெரிந்தால் தனியாகப் போய்விடுவார். டைரியில் பெருக்கல் குறி மட்டும் போட்டு வைப்பார். நெருங்கிய நண்பர்களுக்குக்கூட தெரியாமல் ஆயுள் முழுக்க மறைத்தார் என்பதை நினைத்தால் மனசு கனக்கிறது. கல்யாணமும் செய்துகொள்ளவில்லை.

15, 16 வயதிலேயே படம் வரைந்து பிழைக்கத் தொடங்கினார். 20 வயதுக்குள் அவர் வரைந்த கிளிப் படங்கள் புத்தகமாகி பெயர் வாங்கின. நுணுக்கமான வேலைக்குக் கண் ஒத்துழைக்காததால் மலை, கடல், கோயில் பக்கம் திரும்பினார். 1846-ல் விக்டோரியா மகாராணிக்கே ஓவிய வகுப்பு எடுத்தார். ஆனால் தனக்கு முறையான பயிற்சி இல்லை என்ற குறை விடவில்லை. 37 வயதில், பையன்களோடு சேர்ந்து ராயல் அகாடமி பள்ளியில் மாணவராகப் போய் உட்கார்ந்தார்!

தமிழ்நாட்டில் என்ன செய்தார்?

வைஸ்ராய் நார்த்புரூக் பிரபு இவரின் நண்பர். அவர் அழைப்பில் 1872-லேயே கிளம்பி, சூயஸ் வரை போய்த் திரும்பிவிட்டார். மறுவருஷம் 61 வயதில் மீண்டும் கிளம்பி பம்பாய் வந்து சேர்ந்தார். கூடவே பல வருஷமாக இவரிடம் வேலை பார்த்த கியோர்கியோ.

இமயமலைக்குப் பிறகு தெற்கு. ராயபுரத்திலிருந்து திருவள்ளூர் வழியாக மேற்கே போகும் ரயில் பாதைக்கு அப்போது 18 வயது. சென்னை, மாமல்லபுரம், காஞ்சிபுரம், தஞ்சாவூர், திருச்சி, குன்னூர் என்று சுற்றி வரைந்தார். அந்த இடத்திலேயே பென்சிலில் வேகமாகக் கோடு போடுவார். எங்கே என்ன நிறம் என்று படத்தின் மேலேயே எழுதிவிடுவார். தேதியும் பல நேரம் மணியும் இருக்கும். மையும் வண்ணமும் பிறகுதான். பாறை என்பதற்கான ஆங்கில வார்த்தையைக்கூட வேண்டுமென்றே தப்பாக எழுதும் குறும்பு வேறு!

அந்தக் குறும்பு இந்தியச் சொற்களையும் விடவில்லை. இடுப்புக் கச்சையான கமர்பந்தை ஆளை விழுங்கும் மிருகமாக்கி ஒரு கவிதை எழுத, அது பம்பாய் பத்திரிகையில் வெளியானது.

பயணம் இலங்கையில் முடங்கியது. கியோர்கியோவுக்கு கடும் வயிற்றுக்கடுப்பு. 1875 ஜனவரியில் இருவரும் கப்பல் ஏறினார்கள். பெட்டியில் 500-க்கும் மேற்பட்ட படங்கள்.

1883-ல் கியோர்கியோ இறந்தார். 1888 ஜனவரி 29-ல் இத்தாலியின் சான் ரெமோவில் லியர் காலமானார். அவர் வரைந்த ஆயிரக்கணக்கான படங்கள், இந்தியாவில் வரைந்தவை உட்பட, இப்போது அமெரிக்காவின் ஹார்வர்டு பல்கலைக்கழக நூலகத்தில் இருக்கின்றன. கூடவே, பெருக்கல் குறி போட்ட அந்த டைரிகளும்.