காலத்தைச் சுருக்கிய ஒளிப்பதிவாளர்

நீண்டகால முதலீடு என்றதும் அணைகளும் ஆலைகளுமே பலருக்கும் நினைவுக்கு வரும். பொருளியல் பயின்ற எனக்கு நினைவில் எழுவது, பெர்சி ஸ்மித் என்ற ஆங்கிலேய ஒளிப்பதிவாளரின் வாழ்க்கை.

1880-இல் லண்டனில் பிறந்த ஸ்மித், பிரிட்டிஷ் அரசின் கல்வி வாரியத்தில் எழுத்தராகப் பணியாற்றினார். ஓய்வு நேரங்களில் பூச்சிகளைப் படம்பிடித்து வந்தார். திரைப்படத்தைக் கல்விக்குப் பயன்படுத்தலாம் என்று அவர் எடுத்துரைத்தும் வாரியம் செவிசாய்க்கவில்லை. அவரது திறனை அடையாளம் கண்டவர், படத் தயாரிப்பாளரான சார்லஸ் அர்பன். 1908-இல் வெளிவந்த ஸ்மித்தின் குறும்படத்தில், ஈயொன்று தன் கால்களால் சிறு பொருள்களைத் தாங்கிச் சுழற்றியது. பார்த்தவர்கள் வியந்தனர்.

1910-இல் வெளியான 'மலரின் பிறப்பு' அவருக்குப் பெரும்புகழ் தேடித் தந்தது. மொட்டு அவிழ்வதை மனிதக் கண் தொடர்ந்து காண இயலாது. ஸ்மித் கையாண்ட உத்தி எளியது. ஆனால், அசாத்தியப் பொறுமையைக் கோருவது. கால் மணிக்கு ஒரு படம் எடுப்பதாகக் கொள்வோம். ஒரு நாளில் 96 படங்கள் சேரும். நொடிக்கு 16 படங்கள் ஓடிய மௌனப்பட யுகத்தில், திரையில் அது ஆறே நொடிகள். பத்து நாள் உழைப்புக்குக் கிடைப்பது ஒரு நிமிடக் காட்சி!

லண்டனின் வடபகுதியான சவுத்கேட்டில் இருந்த அவரது வீடே ஆய்வுக்கூடமாயிற்று. வீட்டில் கிடைத்த பொருள்களைக் கொண்டே கருவிகளை அமைத்தார். இரவில் கருவி பழுதானாலோ படச்சுருள் தீர்ந்தாலோ அவரை எழுப்புவதற்கு மணிகளைப் பொருத்தி வைத்திருந்தார்.

1922-இல் தொடங்கி 1933 வரை வெளிவந்த 'இயற்கையின் இரகசியங்கள்' படத்தொடரில் அவரது பங்கு முதன்மையானது. வேர் மண்ணைத் துளைப்பதையும் கொடி பற்றுகோலைத் தேடுவதையும் சாமானிய மக்கள் திரையரங்கில் கண்டனர். 1931-இல் வெளியான படமொன்றில், நுண்ணோக்கிக்கு உரிய சளிப்பூஞ்சையே கதாநாயகன். தாவரம் அசைவற்றது என்ற எண்ணத்தை அந்தக் காட்சிகள் விரிவுரை ஏதுமின்றித் தகர்த்தன.

1945-இல் ஸ்மித் மறைந்தார். அவர் படமாக்கிய காட்சிகளைத் தொகுத்து 2016-இல் புதிய படமொன்று வெளிவந்தது. நூறாண்டு கடந்தும் பலன் தரும் முதலீடு இது.

இதில் கல்வித் துறைகளுக்கு ஒரு பாடம் உண்டு. கல்வியை நிர்வகிக்கும் அமைப்பு ஒன்று, தன் அலுவலகத்திலேயே அமர்ந்திருந்த ஆசிரியரை அறியாமல் போனது. அவரை அடையாளம் கண்டதோ கேளிக்கைச் சந்தை. எல்லாத் திறமைக்கும் அத்தகைய நல்வாய்ப்பு அமைவதில்லை. ஆண்டு அறிக்கைக்குள் அடங்காத உழைப்பை மதிக்கும் பொறுமை நிர்வாகத்துக்கு வேண்டும். மொட்டு மலரும் வரை காத்திருப்பவர்களுக்குக் குறைந்தபட்சம் இடமாவது கொடுக்க வேண்டும்.